பெண் 'போகு' என்று எழுதினால் தமிழில் என்ன செய்வது? (ஜப்பானிய இணைய வழக்கு, மொழிபெயர்ப்புச் சிக்கல்)

#1 கொய்யாமரம்

வணக்கம். மூன்று நாளாக ஒரே பக்கத்தில் நிற்கிறேன். அதனால்தான் இங்கே வந்தேன்.

24 வயது ஜப்பானியப் பெண் ஒருவர் தன்னைப் பற்றி எழுதிய முப்பது பக்கக் குறிப்பை, அவருடைய அனுமதியோடு தமிழில் பெயர்த்துக்கொண்டிருக்கிறேன். (பெயர் வேண்டாம் என்பது அவர் போட்ட ஒரே நிபந்தனை.) முழுவதும் இணையத்தில் இளையவர்கள் எழுதும் வழக்கு. அகராதி கைவிடும் இடங்களில் அவரிடமே கேட்டுக்கொள்கிறேன். சிக்கல் அங்கே இல்லை. 'நான்' என்ற சொல்லில் இருக்கிறது.

தெரியாதவர்களுக்காகச் சுருக்கமாகச் சொல்கிறேன். ஜப்பானிய மொழியில் பேசுகிறவர் தன்னைக் குறிக்கப் பல சொற்கள் உண்டு. 'வதாஷி' பொதுவானது; பெண்கள் எங்கும் சொல்வார்கள், ஆண்கள் அலுவலகத்திலும் மேடையிலும் சொல்வார்கள். 'அதாஷி' பெண்மை தோய்ந்தது. 'போகு' சிறுவர்களும் சாதுவான ஆண்களும் சொல்வது. 'ஒரே' விறைப்பான ஆண்மை. இவர் தன்னை 'போகு' என்றே எழுதுகிறார். வேலைக்கான நேர்முகத் தேர்வுக்குப் போகும் அத்தியாயத்தில் மட்டும் 'வதாஷி' வருகிறது. மறுநாள் காலை, பல் துலக்கும்போது, மீண்டும் 'போகு'. அந்த அத்தியாயத்தில் வேறு எதுவுமே நடக்கவில்லை. நடப்பது அந்தச் சொல் மாற்றம் மட்டும்தான். தமிழில் போட்டால் நான், நான், நான். ஒன்றுமே நடக்கவில்லை.

இன்னொன்று, இதைவிடக் கொடுமை. குறிப்பின் உயிரே இந்த வாக்கியம்தான்: "போகு வா, ஒஷி தோ த்ஸுகியைதாய் ந் ஜா நகுதே, ஒஷி நி நரிதாய்." ஏறக்குறைய, 'என் ஒஷியோடு காதலாகப் பழக எனக்கு ஆசை இல்லை, ஒஷியாகவே ஆக ஆசை.' ஒஷி என்றால் ஒருவர் மனத்தில் வரித்துக்கொண்டு ஆதரிக்கும் கலைஞர் அல்லது கதாபாத்திரம். அந்த ஒஷி ஆணா பெண்ணா என்று முப்பது பக்கத்திலும் அவர் சொல்லவில்லை. ஜப்பானிய வினைச்சொல் பால் காட்டாது, அதனால் அவருக்குச் சொல்ல வேண்டிய தேவையும் வரவில்லை. எனக்கு அடுத்த வரியிலேயே 'மேடைக்கு வந்தான்' அல்லது 'வந்தாள்' என்று முடிக்க வேண்டியிருக்கிறது.

யாராவது வழி சொல்லுங்கள்.

#2 ஒசாகா வாசி

பதினான்கு வருடமாக இங்கே இருக்கிறேன். உங்கள் பட்டியலில் இரண்டு விட்டுப்போய்விட்டன.

ஒன்று 'உச்சி'. உள், வீடு என்று பொருள். ஒசாகாவை உள்ளடக்கிய கன்சாய் பகுதிப் பெண்கள் தங்களைச் சொல்லிக்கொள்வது. இப்போது நாடு முழுவதும் இளம்பெண்களிடம் பரவியிருக்கிறது. 'அதாஷி' அளவுக்குக் குழைவு இல்லாமல், 'வதாஷி' அளவுக்கு விறைப்பும் இல்லாமல் ஒரு சொல் அவர்களுக்குத் தேவைப்பட்டது என்று நினைக்கிறேன். நான் இந்த மொழியை முதலில் கற்றது வீட்டு உரிமையாளரான மூதாட்டியிடம். தாடி வைத்த முப்பது வயது ஆள், அலுவலக விருந்தில் எழுந்து நின்று "உச்சி இந்தியாவிலிருந்து வந்திருக்கிறேன்" என்று தொடங்கினேன். ஒரு நிமிடம் அமைதி; பிறகு மேசையே குலுங்கியது. இன்றுவரை அந்தப் பெயர் போகவில்லை.

இரண்டாவது 'ஜிபுன்'. 'தான்' என்று பொருள். படையினரும் விளையாட்டுக் குழு ஆண்களும் சொல்வது என்ற முத்திரை அதற்கு உண்டு. இப்போது ஆண், பெண் என்று எந்தப் பக்கமும் சாய விரும்பாதவர்கள் அதை எடுத்துக்கொண்டிருக்கிறார்கள். ஆனால் ஒசாகாவில் 'ஜிபுன்' என்றால் 'நீ' என்றும் பொருள். தோக்கியோவிலிருந்து வந்த ஒருவர் தன் மனத்தைத் திறந்து ஜிபுன், ஜிபுன் என்று பேச, எதிரே இருந்தவர் தன்னைத்தான் திட்டுகிறார் என்று நினைத்துக்கொண்ட கதையைக் கண்ணால் பார்த்திருக்கிறேன்.

'போகு' என்பதற்கு எழுதும் எழுத்தின் மூலப்பொருள் ஏவலாள், தொண்டன். நம் 'அடியேன்' மாதிரி. அங்கிருந்து எப்படிப் பையன்களின் சொல்லாயிற்று என்பது தனிக்கதை.

#3 நிலவறை

அக்கா, 2016இல் வந்த 'கிமி நோ நா வா' அனிமே பார்த்திருக்கிறீர்களா? கிராமத்துப் பெண் தோக்கியோ பையனின் உடலுக்குள் போய்விடுவாள். நண்பர்கள் முன்னால் முதலில் 'வதாஷி' என்பாள். அவர்கள் முகம் சுளிப்பார்கள். இன்னும் சம்பிரதாயமான 'வதகுஷி' என்பாள், இன்னும் மோசம். 'போகு'? ம்ஹூம். 'ஒரே' என்றதும்தான் தலையாட்டுவார்கள். நான் முதலில் பார்த்தபோது மொழி தெரியாது. வசன வரியில் எல்லாமே 'நான்' என்று ஓடியது. எதற்குத் திரையரங்கில் பாதிப் பேர் சிரிக்கிறார்கள், என் வரிசை மட்டும் ஏன் விழிக்கிறது என்று புரியவே இல்லை.

போகு சொல்லும் பெண்ணுக்கு 'போகுக்கோ' என்றே பெயர் இருக்கிறது. அனிமே, விளையாட்டுகளில் அது ஒரு வார்ப்பு: குட்டை முடி, துடுக்கு, ஓட்டப்பந்தயம். அதனால் நிஜ வாழ்க்கையில் ஒரு பெண் 'போகு' என்றால் "கதாபாத்திரம் என்று நினைப்பா?" என்ற கேலி வரும். அந்தக் கேலியையும் சேர்த்துத்தான் அவர் அந்தச் சொல்லைச் சுமக்கிறார்.

ஒரு வேடிக்கையும் சொல்கிறேன். ஏகேபி48 போன்ற பெண் பாடகர் குழுக்களின் காதல் பாட்டுகளில் 'போகு' நிறைய வரும். பாட்டில் பேசுகிறவன் ஒரு பையன், பாடுவது பெண்கள், எழுதியது அகிமோதோ யாசுஷி என்ற ஆண், குரல் கம்மப் பின்பாட்டுப் பாடுவது பெரும்பாலும் ஆண் ரசிகர்கள். மேடையில் ஒரு பெண் 'போகு' என்றால் யாருக்கும் உறுத்தாது. இறங்கி வந்து சொன்னால்தான் உறுத்தும்.

#4 பழம்புத்தகம்

இதற்காக ஜப்பான் வரை போக வேண்டுமா? நம்மாழ்வார் பராங்குச நாயகியாகி உருகினார். திருமங்கையாழ்வார் பரகால நாயகி. ஆண் பெண்ணாகி இறைவனை விரும்பும் நாயகி பாவம் நமக்கு ஆயிரம் ஆண்டுப் பழக்கம்.

#5 ஒசாகா வாசி

ஐயா, மன்னிக்க வேண்டும். எதைப் பேசினாலும் ஆழ்வார் வீட்டுத் திண்ணையில் கொண்டுபோய் இறக்கிவைப்பது நம் எல்லோருக்கும் உள்ள வழக்கம். ஆழ்வார் மறுநாள் நேர்முகத் தேர்வுக்குப் போகவில்லையே.

#6 பழம்புத்தகம்

சிரித்துவிட்டேன் தம்பி. ஆனாலும் ஒன்று கேட்கிறேன். இது இணையம் பெற்ற பிள்ளையா, பழைய வழக்கின் நீட்சியா? அதைச் சொல்லாமல் 'இளைய தலைமுறை' என்று பேசிக்கொண்டே போனால் எப்படி?

#7 ஆழிமீன்

தோக்கியோவிலிருந்து எழுதுகிறேன். ஐயாவின் கேள்வி நல்ல கேள்வி.

மெய்ஜி காலத்தில் (1868–1912), பெண்களுக்குப் பள்ளிகள் திறந்த புதிதில், மாணவிகள் சிலர் மாணவர்களைப் போலவே 'கிமி' (நீ), 'போகு' என்று பேசத் தொடங்கினார்கள். பத்திரிகைகள் கொதித்தன. இன்னொரு கூட்டம் வாக்கியத்தை 'தெயோ', 'தவா' என்று முடித்தது. 1888இல் நாவலாசிரியர் ஒஸாகி கோயோ, நல்ல குடும்பத்துப் பெண்கள் பேசும் பேச்சா இது என்று அதைக் கடிந்து எழுதினார். பின்னால் நடந்ததுதான் விசித்திரம். அன்று கொச்சை என்று தள்ளப்பட்ட அந்த முடிவுகளே பிறகு 'பெண்மொழி' என்று உயர்ந்து, மரபு, நளினம், ஜப்பானியப் பெண்மையின் அழகு எனப் போற்றப்பட்டன. மொழியியலாளர் நகமுரா மொமோகோ இதைப் பற்றி விரிவாக எழுதியிருக்கிறார். இன்று இருபது வயதுப் பெண் யாரும் 'தவா' என்று இயல்பாகப் பேசுவதில்லை. அது எங்கே பிழைத்திருக்கிறது தெரியுமா? மொழிபெயர்ப்பு நாவல்களில் வெளிநாட்டுப் பெண்கள் அப்படிப் பேசுவார்கள். அனிமேவில் பணக்கார வீட்டுப் பெண்கள் பேசுவார்கள். தொலைக்காட்சியில் 'ஒனே' என்று அழைக்கப்படும், பெண்மை நடை பேசும் ஆண்கள் பேசுவார்கள். கின்ஸுய் ஸதோஷி என்ற ஆய்வாளர் இப்படிப்பட்ட பேச்சுக்கு 2000இல் 'யகுவரிகோ', அதாவது வேடமொழி என்று பெயர் வைத்தார். கிழவர் என்றால் 'வாஷி' என்றுதான் பேச வேண்டும். பெரும்பாலான கிழவர்கள் உண்மையில் அப்படிப் பேசுவதில்லை.

கொய்யாமரம், உங்கள் எழுத்தாளருக்குக் கையில் கிடைத்தவை எல்லாமே முன்பு யாரோ போட்டுக் கழற்றிய வேடங்கள்தாம். 'வதாஷி'யும் உட்பட.

படர்க்கை பற்றியும் ஒரு வார்த்தை. நமக்கு அவன், அவள் என்று பிறவியிலேயே உண்டு. ஜப்பானியத்தில் 'கரே' முன்பு பால் பார்க்காத சுட்டு. 'கனோஜோ' மேலைமொழிகளின் 'அவள்' என்பதைப் பெயர்ப்பதற்காகவே மெய்ஜி காலத்தில் நிலைபெற்ற சொல். மொழிபெயர்ப்பாளர்கள் பெற்ற பிள்ளை. இன்று 'கனோஜோ' என்றால் காதலி; 'கரே' என்றால் காதலன். அவள் என்று சுட்டினாலே காதலி ஆகிவிடுகிறாள். அதனால்தான் இங்கே இரண்டு சொற்களையும் தவிர்த்துப் பெயரைச் சொல்லியே பேசுவார்கள். உங்கள் எழுத்தாளர் ஒஷியின் பாலைச் சொல்லாமல் ஒளிக்கிறார் என்று எடுத்துக்கொள்ள வேண்டாம். சொல்லியிருந்தால்தான் அது விசேஷம்.

#8 கற்குவியல்

இவ்வளவு நேரம் வாசித்தேன். எனக்குத் தோன்றுவதை ஒளிக்காமல் சொல்கிறேன். பிள்ளை பெற ஆள் இல்லாமல் ஊர் ஊராகப் பள்ளிக்கூடம் மூடுகிற நாடு அது. அங்கே ஆண்கள் 'புல் தின்னிகள்' ஆகிவிட்டார்கள், பெண்கள் பொம்மைகளைக் காதலிக்கிறார்கள், அதற்கெல்லாம் ஒரு சொல் அகராதி வேறு. இதைப் போய் நுட்பம் என்று வியக்க என்ன இருக்கிறது?

#9 ஒசாகா வாசி

'புல் தின்னி' என்ற சொல்லின் வரலாற்றைத் தெரிந்துகொண்டு வீசியிருக்கலாம். 2006இல் ஃபுகஸாவா மகி என்ற பெண் எழுத்தாளர் ஒரு வணிக இதழின் இணையப் பக்கத்தில் 'ஸோஷொகு தன்ஷி' என்று எழுதினார். பெண்ணைக் கண்டால் பாயாத, அவளைச் சக மனிதராகப் பார்த்து நட்பாகப் பேசுகிற புதுவகை இளைஞன் என்று ஓரளவு மகிழ்ச்சியோடுதான் எழுதினார். 2009இல் அது ஆண்டின் சிறந்த பத்துப் புதுச்சொற்களில் ஒன்றாயிற்று. அதற்குள் தொலைக்காட்சிகளும் வார இதழ்களும் அதைத் தலைகீழாகத் திருப்பி, காரும் வாங்காத, காதலும் செய்யாத சோப்ளாங்கி என்று ஆக்கிவிட்டன. நீங்கள் வீசியது அந்த இரண்டாவது கல்.

பிள்ளை பெறாததற்குச் சம்பளம், வீட்டு வாடகை, இரவு பத்து மணி வரை அலுவலகம் என்று பல காரணங்கள் உண்டு. என் பக்கத்து மேசைக்காரர் வாரநாளில் தன் மகனை விழித்திருக்கும் நிலையில் பார்ப்பதே இல்லை. அவர் புல் தின்கிறாரா புலால் தின்கிறாரா என்று எனக்குத் தெரியாது. சாப்பிடவே நேரம் இல்லை.

#10 நிலவறை

கற்குவியல் அண்ணா, பொம்மைகளைக் காதலிக்கிறார்கள் என்றீர்களே, அந்த 'அழுகிய' கூட்டத்தில் நானும் ஒருத்தி. எனவே பொறுமையாகச் சொல்கிறேன்.

'ஃபுஜோஷி' என்றால் பெண்டிர் என்று பொருள்படும் பழைய சொல். முதல் எழுத்தை மட்டும் அதே ஒலியுள்ள 'அழுகல்' என்ற எழுத்தாக மாற்றிவிட்டால் 'அழுகிய பெண்கள்'. ஆண்களுக்கிடையிலான காதல் கதைகளை விரும்பி வாசிக்கும் பெண்கள், 2000ஆம் ஆண்டை ஒட்டி, பிறர் திட்டும் முன் தாங்களே தங்களுக்கு வைத்துக்கொண்ட பெயர். வாயால் சொன்னால் வேறுபாடு தெரியாது, எழுதினால்தான் தெரியும். எனக்கு இதில் இருக்கிற மயக்கமே அதுதான். வயதில் மூத்த ரசிகைக்குக் 'கிஃபுஜின்'. சீமாட்டி என்ற சொல்லில் அதே அழுகலைப் புகுத்தியது. 'கிஃபு' என்பது உயர்ந்த திராட்சை மதுவுக்காகப் பழத்தில் வேண்டுமென்றே படரவிடும் பூஞ்சணத்தின் பெயரும்கூட. வயதாக ஆகச் சுவை கூடும் என்று பொருள்! இப்படித் தன்னைக் கேலி செய்துகொள்ளத் தெரிந்தவர்களை யார் இழிவுபடுத்த முடியும்?

மற்ற பக்கமும் இதே விளையாட்டுத்தான். 1999இல் தொடங்கிய 'நிச்சானெரு' என்ற பெயரில்லாப் பேச்சு மன்றத்தில் மணமாகாத ஆண்களுக்கு ஒரு பகுதி இருந்தது. 'தனி ஆண்' என்பதில் 'தனி'க்கும் 'நஞ்சு'க்கும் ஒலி ஒன்று, 'தொகு'. அவர்கள் தங்களை 'நஞ்சு ஆண்கள்' என்று எழுதினார்கள். ரயிலில் குடிகாரனிடமிருந்து பெண்களைக் காப்பாற்றிய கூச்ச இளைஞன், பிறகு எப்படிப் பேசுவது, எந்த உணவகத்துக்கு அழைப்பது என்று ஒவ்வொரு படியிலும் யோசனை கேட்ட 2004ஆம் ஆண்டின் 'தென்ஷா ஒதொகோ' இழை அந்தப் பகுதியில்தான் ஓடியது. யாரும் விரும்பாத பெண் 'மோஜோ'. அதில் 'மோ' என்பது துக்கம் காப்பதற்கான எழுத்து. இழவு வீட்டுப் பெண்!

இந்த வரிசையில் எனக்கு மிகப் பிடித்தது 'ஒதொகோ நோ கோ'. காதில் விழுவது 'பையன்'. ஆனால் கடைசி எழுத்தாகப் 'பிள்ளை' போடாமல் 'மகள்' என்ற எழுத்தைப் போடுவார்கள். அழகிய பெண் தோற்றம் கொண்ட ஆண். அம்மா காதில் பையன், திரையில் மகள். தமிழில் இதைச் செய்ய முடியாது. நம் எழுத்து ஒலியை மட்டும் காட்டும்; முகம் மாற்றாது.

#11 கற்குவியல்

திராட்சைப் பூஞ்சணம் நன்றாகவே இருக்கிறது. ஒப்புக்கொள்கிறேன். ஆனால் எல்லாவற்றையும் கேலியாகச் சொன்னால், உண்மையில் என்ன வேண்டும் என்று எப்போது சொல்வார்கள்?

#12 ஆழிமீன்

அந்தக் கேள்வி சரியான இடத்தில் குத்துகிறது. எனக்கும் உண்டு அந்த ஆற்றாமை.

'ஒஷி'யை எடுத்துக்கொள்ளுங்கள். 'ஒஸு', அதாவது தள்ளு, முன்மொழி என்ற வினையிலிருந்து வந்தது. பாடகர் குழுக்களில் நான் ஆதரிக்கும் உறுப்பினர் என்று ரசிகர்கள் சொல்லத் தொடங்கி, இப்போது நடிகர், வரைகதைப் பாத்திரம், கோயில் புத்தர் சிலை வரை எதுவும் ஒஷி. உஸாமி ரின் தன் 21 வயதில், ஒரு ஒஷிக்காகவே வாழும் பள்ளி மாணவியைப் பற்றிய நாவலுக்காக, 2021 ஜனவரியில் ஜப்பானின் புகழ்பெற்ற இலக்கிய விருதான அகுதாகவா பரிசு பெற்றார். 'பிடிக்கும்' என்று சொன்னால் 'எந்த விதத்தில்?' என்று கேட்பார்கள். 'ஒஷி' என்று சொன்னால் யாரும் கேட்பதில்லை. என் தோழி ஒருத்தி மூன்று ஆண்டுகள் தன் அலுவலகத் தோழியை 'என் ஒஷி' என்று எல்லார் முன்னிலையிலும் சொல்லிக்கொண்டிருந்தாள். எல்லோரும் சிரித்தார்கள், அந்தத் தோழி உட்பட. அவள் மட்டும் சிரிக்கவில்லை என்பது எனக்குத் தெரியும்.

அதனால் ரசிகர்களே உள்ளுக்குள் கோடு போட்டிருக்கிறார்கள். உண்மையிலேயே காதல் என்றால் 'கச்சிகோய்', அல்லது 'ரியாகோ'. அதே ஒஷியை வைத்திருக்கும் மற்றவரோடு பேசவே மாட்டேன் என்றால் 'தோதன் கியோஹி'. 'கதவைச் சாத்திவிட்டேன்' என்ற அறிவிப்பு அது. தாங்க முடியாத அன்பு பொங்கினால் 'தோதொய்', புனிதம் என்பார்கள். அல்லது 'முரி', முடியவில்லை. வாய்விட்டுச் சொல்ல முடியாததற்கு மேலே ஒரு சொல், கீழே ஒரு சொல். நடுவில் இருப்பதை விட்டுவிடுவார்கள்.

'செய்ஹெகி' இன்னும் வேடிக்கை. பழைய பொருள் ஒருவரின் இயல்பு, சுபாவம். அதன் முதல் எழுத்துக்கு இயல்பு என்றும் பால் என்றும் இரண்டு பொருள். இளையவர்கள் இரண்டாவதைப் பிடித்துக்கொண்டு, தன்னைக் கிளர்த்தும் விஷயம் என்ற பொருளில் சர்வ சாதாரணமாகச் சொல்கிறார்கள். அது தவறு என்பவர்களும் உண்டு. கண்ணாடியைக் கழற்றித் துடைக்கும் ஆண் என் செய்ஹெகி என்று ஒரு பெண் பொதுவெளியில் எழுதலாம். ஐம்பது வருடத்துக்கு முன் அதை எழுதப் பெண்ணுக்கு எந்தச் சொல் இருந்தது?

#13 நிலவறை

'கயெருகா கென்ஷோ'வை விட்டுவிட்டீர்களே அக்கா! 'தவளையாகும் நிகழ்வு'. தவளை இளவரசனாகும் கதையைத் திருப்பிப் போட்டது. நாம் விரும்பியவர் நம்மையும் விரும்புகிறார் என்று தெரிந்த கணத்தில் அருவருப்பு வந்துவிடுகிறது, இளவரசன் தவளையாகிறான். 2004இல் ஃபுஜிசாவா என்ற உளவியல் ஆய்வாளர் எழுதிய பொருள் அது. இணையத்தில் உருண்டு உருண்டு, காதலன் உணவகத்தில் தட்டை ஏந்திக்கொண்டு இடம் தேடி முழிப்பதைப் பார்த்தேன், மனம் விட்டுப்போயிற்று என்பது வரை வந்துவிட்டது. 2023இன் பத்துச் சொற்களில் அதுவும் ஒன்று.

#14 ஆழிமீன்

முதல் பொருளில் அது என்னைப் பல நாள் தூங்கவிடவில்லை. நான் விரும்பலாம், என்னை விரும்பக் கூடாது என்பது நோயா, சுபாவமா? பிறகு அதே நிலைக்கு வேறு பெயர்கள் வைத்துக்கொண்டவர்களை இணையத்தில்தான் கண்டேன். காதல் உண்டு, உடல் வேட்கை இல்லை என்பவர்கள் இங்கே 'நொன்செக்ஷுவல்' என்கிறார்கள். கடன் வாங்கிய சொல்தான், ஆனால் இந்தப் பொருள் இங்கே முளைத்தது. ஆணும் இல்லை பெண்ணும் இல்லை என்பவர்களின் 'எக்ஸ் ஜெண்டா'வும் அப்படித்தான். 1990களின் பிற்பகுதியில் கன்சாய்ப் பகுதிக் குழுக்களில் பிறந்த சொல். வெளிநாட்டில் போய்க் கேட்டால் பெரும்பாலோருக்குத் தெரியாது.

நான் இருக்கும் வட்டத்தின் சொற்கள் வேறு விதம். பெண்ணை விரும்பும் பெண் தன்னை 'பியான்' என்பாள். 'ரெஸுபியான்' (லெஸ்பியன்) என்ற சொல்லின் முன்பாதியான 'ரெஸு' ஆண்களுக்கான ஆபாசப் படங்களின் வாடை அடிக்கும் சொல். அதனால் பின்பாதியை எடுத்துக்கொண்டார்கள். வேறுபால் விரும்பிகள் 'நொன்கே', அந்த நாட்டம் இல்லாதவர்கள். ஆண்களை விரும்பும் ஆண்களிடையே ஒரு பழைய குறிப்புச்சொல் 'குமியாய்', தொழிற்சங்கம். "அவரும் சங்கத்து ஆளா?" பக்கத்து மேசையில் உள்ளவருக்குச் சம்பளப் பேச்சு என்று தோன்றும்.

கற்குவியல் அவர்களே, ஒளித்துப் பேசுகிறார்கள் என்று நீங்கள் வருந்துவது நியாயம். ஆனால் 2021 மார்ச்சில் சப்போரோ மாவட்ட நீதிமன்றம் ஒருபாலர் திருமணத்தை மறுப்பது அரசமைப்புக்கு முரண் என்று சொன்ன பிறகும் சட்டம் அசையவில்லை. 2023 அக்டோபர் வரை, பதிவேட்டில் பாலை மாற்ற வேண்டுமானால் இனப்பெருக்க ஆற்றலை இழந்திருக்க வேண்டும் என்ற நிபந்தனை இருந்தது; உச்ச நீதிமன்றம்தான் அதைச் செல்லாது என்றது. வெளிப்படையாகச் சொன்னவர்களுக்கு என்ன கிடைத்தது என்பதைப் பார்த்துத்தான் மற்றவர்கள் சொல் தேடுகிறார்கள்.

#15 ஒசாகா வாசி

ஒளிக்காமல் பேசும் ஒரு கூட்டம் உண்டு. என் வயதுக்காரர்கள். 'ஒஜிஸன் கோபுன்', மாமாக்களின் வாக்கிய அமைப்பு என்றே அதற்குப் பெயர். இருபது வயதுப் பெண்ணுக்கு அலுவலக மேலாளர் 'லைன்' என்ற செய்திச் செயலியில் அனுப்பும் செய்தி: "யூகா சான், வேலை முடிந்ததா❓😄 இன்று மழை☔ குளிரவில்லையா❓ நான் வந்து சூடேற்றட்டுமா😘 சும்மா சொன்னேன்❗💦" அந்தக் கடைசிச் 'சும்மா சொன்னேன்'தான் அதன் முத்திரை. இளம்பெண்கள் இதை ஒருவருக்கொருவர் அப்படியே போலி செய்து அனுப்பிச் சிரிக்கிறார்கள். நான் சிரித்துவிட்டு, என் பழைய செய்திகளைத் திறந்து பார்த்தேன். அன்றிலிருந்து வியர்வைத்துளிப் படம் போடுவதில்லை.

#16 பழம்புத்தகம்

ஆக, அதிகாரம் உள்ளவன் வெளிப்படையாகச் சொல்லிவிட்டு 'சும்மா' என்கிறான். அது இல்லாதவள் 'சும்மா' என்று தொடங்கி உண்மையைச் சொல்கிறாள். எழுத்தை மாற்றுகிறாள், 'நான்' என்பதை மாற்றுகிறாள். ஆழ்வாரை நான் இங்கே இழுத்தது பிழைதான்.

#17 நிலவறை

முழுப் பிழை இல்லை தாத்தா. 'பபினிகு' என்று ஒரு சொல் இருக்கிறது. 2018 வாக்கில் பரவியது. மெய்நிகர் உலகில் ஆண்கள் அழகிய சிறுபெண் உருவத்தை அணிந்து உலவுவது. அதன் கடைசிப் பகுதி 'ஜுனிகு'. கிறிஸ்தவர்கள் 'வார்த்தை மாமிசமானார்' என்பதற்குப் பயன்படுத்தும் ஜப்பானியச் சொல் அது! அவதாரம். அந்த உலகில் ஜப்பானியர்கள் ஜோடி சேர்ந்தால் 'ஒஸதோ', சர்க்கரை என்பார்கள். பிரிந்தால் உப்பு. இரண்டு பெண் உருவங்களும் நிஜத்தில் ஆண்களாக இருப்பது அங்கே சாதாரணம். தாங்கள் ஆணை விரும்புகிறோமா பெண்ணையா என்று கேட்டால் பலர் கேள்வியே பொருந்தவில்லை என்கிறார்கள். அதனால்தான் காதலன், காதலி என்ற சொற்களை விட்டுவிட்டு அடுக்களைக்குப் போய்ச் சர்க்கரை டப்பாவைத் திறந்திருக்கிறார்கள்.

#18 நெறியாளர்

இழை அருமையாகப் போகிறது. கொய்யாமரம் கேட்ட கேள்விக்கு இன்னும் யாரும் விடை சொல்லவில்லை என்பதை நினைவூட்டுகிறேன்.

#19 ஆழிமீன்

நியாயம். என் யோசனை: ஒஷியின் பாலை மறைக்க 'அவர்' போட வேண்டாம். மரியாதை ஏறி மேடையை விட்டு விலகிப்போய்விடும். தமிழில் 'வேண்டும்' இருக்கிறதே! 'ஒஷியோடு சேர வேண்டும் என்பதில்லை. ஒஷியாக வேண்டும்.' ஆசையைச் சொல்லும் இடத்தில் நம் மொழியும் பால் கேட்பதில்லை. மேடைக் காட்சிகளில் ஒஷியை எழுவாயாக வைக்காமல் கை, குரல், வியர்வை, ஒளி என்று எழுதுங்கள். கை உயர்ந்தது, குரல் உடைந்தது. அஃறிணைக்கு வந்துவிட்டால் தப்பிக்கலாம்.

#20 ஒசாகா வாசி

ஒஷிக்குத் தமிழ்ச் சொல் தேடாதீர்கள். 'இஷ்ட தெய்வம்' என்று யாராவது வருவதற்குள் சொல்லிவிடுகிறேன்.

#21 பழம்புத்தகம்

தட்டச்சு செய்துகொண்டே இருந்தேன். அழித்துவிட்டேன்.

#22 கொய்யாமரம்

எல்லோருக்கும் நன்றி. இரண்டு நாள் உட்கார்ந்து திருத்தினேன்.

ஆழிமீன் சொன்ன 'வேண்டும்' வேலை செய்கிறது. மேடைக் காட்சிகளில் குரலும் கையும் நன்றாகவே நடிக்கின்றன. 'போகு'வை எல்லா இடத்திலும் அப்படியே விட்டுப் பார்த்தேன். மூன்றாம் பக்கத்தில் வாசகருக்கு அது ஒரு பெண்ணின் பெயர் போல ஆகிவிடுகிறது. அதனால் முதல் பக்கத்தில் அவரே தன் பதினாறாம் வயதில் அந்தச் சொல்லை முதன்முறை எழுதிப் பார்த்ததைச் சொல்லும் இடத்தில் 'போகு' வரும். பிறகு முழுவதும் 'நான்'. நேர்முகத் தேர்வு அத்தியாயத்தில் மட்டும், அவர் வாயிலிருந்து வரும் 'வதாஷி'யை 'வதாஷி' என்றே விட்டுவிட்டேன். கேள்விகளுக்கான பதில் எல்லாம் தமிழில், அந்த ஒரு சொல் மட்டும் ஜப்பானியத்தில். பல்லில் சிக்கிய கல் மாதிரி இருக்கிறது. மறுநாள் காலையில் 'நான்'.

எழுத்தாளரிடம் இதை விளக்கினேன். "உங்கள் மொழியில் 'நான்' என்பதற்கு ஒரே சொல்லா? ஆணுக்கும் பெண்ணுக்கும்? கிழவருக்கும்?" என்று நான்கு முறை கேட்டார். பொறாமையாக இருக்கிறது என்றார்.

#23 நிலவறை

'நாம்', 'நாங்கள்' இரண்டையும் பற்றிச் சொன்னீர்களா? ஜப்பானியத்தில் அந்த வேறுபாடு இல்லையே. கேட்கிறவரைச் சேர்த்தா, விட்டுவிட்டா என்று.

#24 கொய்யாமரம்

இல்லை. சொல்லவில்லை. இப்போது கடைசிப் பத்தியைத் திறந்து பார்க்கிறேன். நான்கு இடத்தில் 'போகு'வின் பன்மையான 'போகுதாச்சி' வருகிறது. யோசிக்காமல் நான்கிலும் 'நாங்கள்' போட்டிருக்கிறேன். அவரிடம் கேட்டுவிட்டு எழுதுகிறேன்.